மணியை அடிக்க யாருக்கு அனுமதி? அவசரகால ஆயத்தம்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: எங்கள் பள்ளியில் தீயணைப்புத் துறையின் தடையின்மைச் சான்று இருக்கிறது. தாழ்வாரங்களில் தீயணைப்பான்கள் மாட்டியிருக்கிறோம். பேரிடர் மேலாண்மைத் திட்டம் என்ற கோப்பும் அலுவலகத்தில் உள்ளது. இதற்கு மேல் ஒத்திகையும் தேவையா? பாட நேரம் வீணாவதாகப் பெற்றோர் சிலர் வருந்துகிறார்கள். – தலைமையாசிரியை, தஞ்சாவூர் மாவட்டம்

பதில்: கட்டாயம் தேவை. உங்கள் மாவட்டத்திலேயே, கும்பகோணத்தில், 2004 ஜூலை 16 அன்று நடந்த பள்ளித் தீவிபத்தில் 94 குழந்தைகளை இழந்தோம். மதிய உணவு சமைத்த கூரைக் கொட்டகையில் பிடித்த தீ, மாடியில் கூரை வேய்ந்திருந்த வகுப்பறைக்குப் பரவியது. அங்கே இருந்தவர்கள் தொடக்கப் பள்ளிப் பிள்ளைகள். இறங்குவதற்கு இருந்ததோ குறுகலான படிக்கட்டு. அதன் பிறகு தமிழகப் பள்ளிகளில் கூரைக் கொட்டகைகளை அகற்ற உத்தரவிட்டார்கள். அது நல்ல முடிவுதான் என்றாலும், அன்று உயிர்களைப் பறித்ததில் ஓலைக்கு மட்டுமல்ல, யாரை எந்த மாடியில் உட்கார வைப்பது, எந்த வழியாக இறக்குவது என்று முன்கூட்டியே தீர்மானிக்காமல் விட்டதற்கும் பங்கு உண்டு என்றே நான் கருதுகிறேன். ஆகவே, உங்கள் பள்ளியில் மிகச் சிறிய பிள்ளைகளும் நடக்கச் சிரமப்படும் பிள்ளைகளும் தரைத்தளத்தில் இருக்கிறார்களா என்பதை முதலில் பாருங்கள். இதைச் செய்யப் பணமும் தேவையில்லை, சான்றும் தேவையில்லை.

ஒத்திகை என்பது பிள்ளைகளுக்கு வைக்கும் தேர்வு அல்ல, உங்கள் கோப்புக்கு வைக்கும் தேர்வு. மதிய இடைவேளைக்குச் சற்று முன், இரண்டு படிக்கட்டுகளில் ஒன்றின் அடியில் ஓர் ஆசிரியரை நிறுத்தி, “இந்த வழியில் புகை” என்று சொல்லித் திருப்பி அனுப்பச் சொல்லுங்கள். பின்புறக் கிரில் கதவுக்குப் பூட்டுப் போட்டிருப்பதும், அதன் சாவி ஆயாம்மாவின் இடுப்பில் இருப்பதும், அவர் சாப்பிட வீட்டுக்குப் போயிருப்பதும் அப்போதுதான் தெரியவரும். மூன்றாம் வகுப்பு ஆசிரியை பிள்ளைகளை வரிசையாக மைதானத்துக்குக் கொண்டுவந்துவிட்டு, வருகைப் பதிவேட்டை மேசையிலேயே வைத்துவிட்டதால் யார் வரவில்லை என்று சொல்ல முடியாமல் நிற்பதும் தெரியவரும். கழிவறைக்குப் போயிருந்த ஒரு பிள்ளையை ஒருவரும் தேடவில்லை என்பதும் தெரியவரக்கூடும். இவற்றை அன்று மாலையே எழுதி வைத்துத் திருத்திவிட்டால், அந்தக் கோப்பு திட்டமாகிவிடும். பிள்ளைகள் கூடும் இடம் தீயணைப்பு வண்டி உள்ளே வரும் வழியை அடைக்காமல் இருக்கட்டும்.

இன்னொன்றையும் வலியுறுத்திச் சொல்கிறேன். புகையை முதலில் பார்ப்பவர் சமையலராகவோ, துப்புரவுப் பணியாளராகவோ, ஆறாம் வகுப்பு மாணவியாகவோ இருக்கலாம். அவர் உங்கள் அறைக்கு ஓடிவந்து சொல்லி, நீங்கள் நேரில் போய்ப் பார்த்து, அதன் பிறகு மணி அடிப்பதற்குள் படிக்கட்டு புகையால் நிரம்பிவிடும். யார் பார்த்தாலும் மணி அடிக்கலாம், தவறாக அடித்தாலும் யாரும் திட்டமாட்டார்கள் என்று காலை வழிபாட்டுக் கூட்டத்தில் நீங்களே அறிவியுங்கள். அந்த மணியும் பாடவேளை மணியிலிருந்து வேறுபட்டு ஒலிக்க வேண்டும்.

தீயணைப்பானைப் பொறுத்தவரை, பின்னை உருவி, குழாய் முனையைத் தீயின் அடிப்பகுதிக்கு நேராகப் பிடித்து, கைப்பிடியை அழுத்தி, இடமும் வலமுமாக வீச வேண்டும். சுவரில் மாட்டும் சிறிய தீயணைப்பான் அரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும் என்பதால், குப்பைக்கூடை அளவுத் தீக்குத்தான் அது உதவும். அதைவிடப் பெரிய தீ என்றால் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு வெளியேறுவதே வேலை.

கேள்வி: எங்கள் குடியிருப்புக்கு அருகில் இரசாயனத் தொழிற்சாலைகள் உள்ளன. வாயு கசிந்தால் நாங்கள் என்ன செய்ய வேண்டும் என்று இதுவரை எவரும் சொன்னதில்லை. கேட்கும் உரிமை எங்களுக்கு உண்டா? – வாசகி, எண்ணூர்

பதில்: உண்டு, அதுவும் சட்டப்படியே உண்டு. போபாலில் 1984 டிசம்பர் 2–3 நள்ளிரவில் விஷவாயு பரவியபோது, மக்களை எச்சரிக்க வேண்டிய சைரனைத் தொழிற்சாலை சிறிது நேரத்திலேயே நிறுத்திவிட்டது. ஓடுவதா, உள்ளே இருப்பதா, முகத்தை எதனால் மூடுவது என்று சொல்ல ஆளில்லாமல், வாயு போன திசையிலேயே பலர் ஓடினார்கள். அந்தத் துயரத்துக்குப் பிறகு வந்தவையே அபாயகரமான இரசாயனங்களின் உற்பத்தி, சேமிப்பு, இறக்குமதி குறித்த 1989ஆம் ஆண்டு விதிகளும், இரசாயன விபத்துகள் குறித்த 1996ஆம் ஆண்டு விதிகளும். அபாய அளவைத் தாண்டி இரசாயனம் வைத்திருக்கும் தொழிற்சாலை தன் வளாகத்துக்கான அவசரத் திட்டத்தை வைத்திருந்து ஆறு மாதத்துக்கு ஒருமுறை ஒத்திகை பார்க்க வேண்டும். வளாகத்துக்கு வெளியே உள்ள பகுதிக்கான திட்டம் மாவட்ட நிர்வாகத்தின் பொறுப்பு. விபத்தால் பாதிக்கப்படக்கூடிய தூரத்தில் வசிப்பவர்களுக்கு அபாயம் என்ன, அப்போது என்ன செய்ய வேண்டும் என்று தெரிவிப்பதும் தொழிற்சாலையின் கடமையே. 1996ஆம் ஆண்டு விதிகளின்படி மாவட்ட அளவிலும் உள்ளூர் அளவிலும் நெருக்கடிக் குழுக்கள் இருக்க வேண்டும். உங்கள் பகுதிக்கான உள்ளூர்க் குழுவில் யார் யார் இருக்கிறார்கள், கடைசியாக எப்போது கூடினார்கள் என்று மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் எழுத்துமூலம் கேளுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழும் கேட்கலாம்.

விதி இருந்தும் சைரன் ஒலிக்காமல் போவதுண்டு. விசாகப்பட்டினத்தில் 2020 மே 7 அதிகாலையில் ஒரு தொழிற்சாலையிலிருந்து ஸ்டைரீன் என்ற இரசாயனத்தின் நச்சு ஆவி பரவியபோது எச்சரிக்கைச் சைரன் ஒலிக்கவில்லை. மக்கள் தூக்கத்திலேயே அதைச் சுவாசித்தார்கள். உங்கள் எண்ணூரிலேயே, 2023 டிசம்பர் 26 நள்ளிரவை ஒட்டி, பெரியகுப்பம் அருகே கடலுக்கடியில் செல்லும் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. நெடி தாங்காமல் மக்கள் நடுத்தெருவுக்கு ஓடிவந்ததை நீங்களே பார்த்திருப்பீர்கள். ஆகவே சைரனுக்காகக் காத்திராமல் சிலவற்றை வீட்டிலுள்ள அனைவரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். காற்று எந்தப் பக்கம் வீசுகிறது என்பதைக் கொடியில் காயும் துணியைப் பார்த்தே அறியலாம். காற்று போகும் திசையிலோ, கசிவை நோக்கியோ ஓடாமல், காற்றுக்குக் குறுக்காக விலகிச் செல்ல வேண்டும். அம்மோனியா தண்ணீரில் எளிதில் கரைவதால் நனைத்த துணியால் மூக்கையும் வாயையும் மூடிக்கொள்வது ஓரளவு காக்கும். வெளியேற வழியில்லை என்றால் கதவு, சன்னல்களைச் சாத்தி, இடுக்குகளில் ஈரத்துணியைத் திணித்துவிட்டு உள்ளேயே இருப்பது மேல். கண் எரிந்தால் கசக்காமல் சுத்தமான தண்ணீரால் குறைந்தது கால் மணி நேரம் கழுவுங்கள்.

கேள்வி: சுனாமி எச்சரிக்கையை இப்போது அரசே கைப்பேசிக்கு அனுப்பிவிடுகிறது. அப்படியிருக்க ஊர் அளவில் தனி ஏற்பாடு எதற்கு? – மீனவ இளைஞர், நாகப்பட்டினம் மாவட்டம்

பதில்: ஐதராபாத்தில் 2007 முதல் இயங்கும் இந்திய சுனாமி முன்னெச்சரிக்கை மையம் நமக்குக் கிடைத்த பெரிய பலம்தான். ஆனால் எச்சரிக்கை கைப்பேசி வரை வந்த பிறகு அதைத் தூங்கும் பாட்டியிடமும் கரையில் வலை பின்னுகிறவரிடமும் கொண்டுசேர்க்க வேண்டியவர்கள் ஊரார்தான். 2004 டிசம்பர் 26 அன்று, எந்த மையமும் இல்லாத காலத்தில், புதுச்சேரியை அடுத்த நல்லவாடு மீனவக் கிராமம் தப்பியது இப்படித்தான். சிங்கப்பூரில் வேலை பார்த்த அவ்வூர் இளைஞர் ஒருவர் செய்தியறிந்து வீட்டுக்குத் தொலைபேசியில் எச்சரித்தார். எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அங்கே அமைத்திருந்த தகவல் மையத்தின் ஒலிபெருக்கியில் உடனே அறிவித்தார்கள், ஊரே வெளியேறியது. கடலின் நிலையையும் அன்றாடச் செய்திகளையும் சொல்லிவந்த ஒலிபெருக்கி அது. பழகிய குரல், பழகிய கருவி என்பதால் மக்கள் தயங்காமல் நம்பினார்கள். பேரிடருக்கென்றே வாங்கிப் பூட்டி வைக்கும் கருவியைவிட, தினமும் உழைக்கும் கருவியையே நான் பரிந்துரைப்பேன்.

சுமத்ராவை அடுத்த சிமலுவே தீவில், 1907இல் வந்த பேரலையின் நினைவைப் பாட்டாகவும் கதையாகவும் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லி வந்தார்கள். நிலம் பலமாக ஆடினால், கடல் உள்வாங்கினால், குன்றுக்கு ஓடு என்பதே அதன் சாரம். 2004இல் நிலநடுக்க மையத்துக்கு அவ்வளவு அருகில் இருந்தும், ஏறத்தாழ 78,000 பேர் வாழ்ந்த அத்தீவில் இறந்தவர்கள் ஏழு பேர்தான். நம் கரையில் அந்த நில அதிர்வைப் பலர் உணரவே இல்லை என்பதால், நாம் கடலின் நடத்தையையும் எச்சரிக்கைச் செய்தியையும் சேர்த்தே நம்ப வேண்டியிருக்கிறது. 2012 ஏப்ரல் 11 அன்று சுமத்ரா அருகே 8.6 அளவில் நிலம் நடுங்கியபோது நம் கடற்கரை மக்களும் வெளியேறினார்கள், பேரலை வரவில்லை. அதை வீண் அலைச்சல் என்று எண்ண வேண்டாம். எந்தச் சந்தில் நெரிசல் ஏற்பட்டது, எந்த வீட்டு முதியவரை மறந்தோம் என்று காட்டித்தந்த ஒத்திகை அது.

கேள்வி: எங்கள் அடுக்கக நலச் சங்கத்துக்கு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. வெள்ளக் காலத்துக்கு அது போதாதா? – சங்கச் செயலாளர், சென்னை

பதில்: போதாது. 2015 டிசம்பர் தொடக்கத்தில் அடையாறு கரை மீறியபோது முதலில் மின்சாரம் போனது. பின்னாலேயே பல இடங்களில் கைப்பேசித் தொடர்பும் போனது. தனியாக வசிக்கும் முதியவர்கள், ஆக்சிஜன் கருவியிலும் டயாலிசிஸிலும் இருப்பவர்கள், கைக்குழந்தை உள்ள வீடுகள் ஆகியவற்றின் பட்டியலைத் தாளில் எழுதிக் காவலாளி அறையில் ஒரு பிரதியும், மேல்தளத்தில் ஒரு பிரதியும் வையுங்கள். ஒவ்வொரு பெயருக்கும் நேராக அவரைப் போய்ப் பார்க்க வேண்டிய அண்டை வீட்டாரின் பெயரும் இருக்கட்டும். ஜெனரேட்டரும் மின்பலகையும் கீழ்த்தளத்தில் இருந்தால் அவற்றை உயர்த்துவதற்கே அடுத்த பராமரிப்பு நிதியைச் செலவிடுங்கள். தண்ணீர் வளாகத்துக்குள் வரும் முன்பே லிப்டை மேல்மாடியில் நிறுத்தி, கீழ்த்தள மின்இணைப்பைத் துண்டித்துவிட வேண்டும்.

கேள்வி: எங்கள் நிறுவனத்தின் உரிமையாளர் பெரும்பாலும் வெளியூரில் இருப்பார். விபத்தின்போது யார் தலைமை ஏற்பது? – மேலாளர், திருப்பூர்

பதில்: அந்த நேரத்தில் அங்கே இருப்பவர்களில், முன்பே பயிற்சி பெற்றவர். 1970இல் கலிபோர்னியாவில் பெரும் காட்டுத்தீ பல ஊர்களில் ஒரே நேரத்தில் மூண்டபோது, உதவிக்கு வந்த பல துறைகளும் தனித்தனியே உத்தரவிட்டுக் குழம்பின. விபத்து இடத்தில் யார் யாருக்குக் கட்டளையிடுவது என்று முன்பே வகுத்துவைக்கும் முறை அந்த அனுபவத்தில் பிறந்தது. அதைத் தழுவியே நம் தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையமும் 2010இல் வழிகாட்டுதல் வெளியிட்டது. ஒருவருக்கு ஒரே மேலாளர், ஒருவரின் கீழ் ஏறக்குறைய ஐந்து பேர், அதிகாரி வந்தால் நிலவரத்தைச் சொல்லி முறைப்படி பொறுப்பை ஒப்படைத்தல் ஆகியவை அதில் முக்கியமானவை. ஒவ்வொரு ஷிப்டுக்கும் ஒரு பொறுப்பாளரையும் ஒரு மாற்றாளரையும் நியமித்து, உற்பத்தியை நிறுத்தவும் ஆட்களை வெளியேற்றவும் உரிமையாளரைக் கேட்கத் தேவையில்லை என்று உரிமையாளரிடமே கையெழுத்து வாங்கிவிடுங்கள். இரவு ஷிப்டை மறந்துவிட வேண்டாம்.

கேள்வி: எந்த எண்ணை அழைப்பது? – பல வாசகர்கள்

பதில்: எதுவும் நினைவுக்கு வராவிட்டால் 112. தீக்கு 101, ஆம்புலன்ஸுக்கு 108, மாவட்டப் பேரிடர் கட்டுப்பாட்டு அறைக்கு 1077, மாநிலக் கட்டுப்பாட்டு அறைக்கு 1070. அழைத்ததும் முதலில் இடத்தைச் சொல்லுங்கள்; இணைப்பு இடையில் துண்டிக்கப்பட்டாலும் வண்டி புறப்பட்டுவிடும்.