உயர் நீதிமன்றம் உத்தரவிட்டும் ஓய்வூதியம் உயரவில்லை: அடுத்து என்ன செய்யலாம்?

கேள்வி: அரசுத் துறை ஒன்றில் தினக்கூலியாகச் சேர்ந்து, பிறகு நிரந்தரமாகி, ஓய்வு பெற்றேன். தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்த்து ஓய்வூதியத்தைத் திருத்தவும், உத்தரவு நகல் கிடைத்த 12 வாரத்துக்குள் நிலுவையைத் தரவும் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. நகல் கொடுத்து 8 மாதம் ஆகிறது. கேட்டால் 'அப்பீல் போகிறோம்' என்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: 'அப்பீல் போகிறோம்' என்பது பதிலே இல்லை. அப்பீல் தாக்கலானால்கூடப் போதாது, அதில் தடை வாங்கியிருந்தால்தான் உத்தரவை நிறைவேற்றாமல் இருக்க முடியும். அப்பீல் எண் என்ன, தடை உத்தரவு எங்கே என்று எழுத்தில் கேளுங்கள்.

அதற்கு முன் தீர்ப்பின் கடைசிப் பத்தியை ஒரு முறை படித்துவிடுங்கள். 'வழங்க வேண்டும்' என்று இருக்கிறதா, 'கோரிக்கையைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்' என்று இருக்கிறதா? பலர் இடறுவது இங்கேதான். பரிசீலிக்கச் சொன்ன வழக்கில் அதிகாரி ஏதோ காரணம் எழுதி நிராகரித்துவிட்டால், நீதிமன்ற உத்தரவை மதிக்கவில்லை என்று போடும் அவமதிப்பு வழக்கு பெரும்பாலும் செல்லாது. நிராகரிப்பை எதிர்த்துப் புதிதாக ரிட் மனு (அரசின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட வேண்டும். நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் உங்களுடையது முதல் வகை. அப்படியானால் அவமதிப்பு மனு தாராளமாகப் போடலாம்.

ஆனால் காலக்கெடு உண்டு. நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971, பிரிவு 20-இன்படி ஓராண்டுக்குள் மனு தாக்கலாக வேண்டும். அந்த ஓராண்டு, 12 வாரம் முடிந்த நாளிலிருந்து ஓடுகிறது. உங்களுக்கு ஏற்கெனவே ஐந்து மாதம் போய்விட்டது. நடுவில் எத்தனை நினைவூட்டல் கடிதம் போட்டாலும் கெடு நீளாது. 'அடுத்த மாதம் வந்துடும் சார்' என்ற வாய்வார்த்தையை நம்பி இந்த ஓராண்டைக் கோட்டைவிட்டவர்களை நினைத்தால் வயிறு எரிகிறது.

நகல் கொடுத்ததற்கு ஆதாரம் வேண்டும்: ஒப்புகை அட்டை, அல்லது தபால் பிரிவு முத்திரையும் தேதியும் உள்ள உங்கள் பிரதி. அப்புறம், அவமதிப்பு மனுவில் அதிகாரியைப் பெயர் சொல்லித்தான் எதிர்தரப்பாகச் சேர்ப்பார்கள். அவர் மாறுதலாகிப் போயிருந்தால், இப்போது இருப்பவருக்கும் உத்தரவின் ஒரு நகலை அனுப்பிவிடுங்கள். கையோடு தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் ஒரு மனு: திருத்திய ஓய்வூதியக் கருத்துரு (துறை அனுப்பும் முன்மொழிவு), ஓய்வூதியத்துக்கு ஒப்புதல் தரும் மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போனதா, எந்தத் தேதியில், என்ன கடித எண்ணில்? 30 நாளில் பதில் வர வேண்டும். கருத்துருவே போகவில்லை என்று பதில் வந்தால், உங்கள் வழக்கறிஞருக்கு அதைவிட நல்ல ஆவணம் கிடையாது. பதில் வரவில்லை என்பதற்காக அவமதிப்பு மனுவைத் தள்ளிப்போடாதீர்கள்.

அவமதிப்புச் சட்டத்தில் தண்டனை ஆறு மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம். யாரும் சிறைக்குப் போக வேண்டும் என்பது உங்கள் நோக்கமல்ல. அதிகாரியை நேரில் ஆஜராகச் சொல்லிவிடுவார்களோ என்ற நிலை வந்தால், கிடப்பில் கிடந்த கோப்பு பெரும்பாலும் நகர்ந்துவிடும்.

வட்டி பற்றியும் ஒரு வார்த்தை. மூல உத்தரவில் வட்டி இல்லையென்றால் அவமதிப்பு நீதிமன்றம் அதைப் புதிதாகச் சேர்க்காது, தனியே கேட்க வேண்டும். ஓய்வூதியம் கருணைத் தொகை அல்ல, உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1982-இல் நகாரா வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. ஓய்வுகாலப் பலன்களைத் தாமதித்தால் அரசு வட்டி தர வேண்டும் என்று 1984-இல் பத்மநாபன் நாயர் வழக்கில் சொன்னது. வட்டி கேட்கும் மனுவில் இந்த இரண்டையும் குறிப்பிடச் சொல்லுங்கள்.