பாலத்துக்கு அந்தப் பக்கம் ஒரு வகுப்பு

கேள்வி: மட்டக்களப்பு, கல்லடியில் இருக்கிறேன். வயது 19. ஏ.எல். (உயர்தரப் பரீட்சை) எழுதிவிட்டேன். டவுனில் மாலை நேர கிராபிக் டிசைன் வகுப்பில் சேர ஆசை. முடிய ஆறரை ஆகும். 'பொம்பிளப் பிள்ளை இருட்டில் வரக் கூடாது' என்கிறார் அப்பா. அண்ணா ஒன்பது மணிக்கு வந்தாலும் ஒன்றும் கேட்பதில்லை. எனக்கென்று நாவற்குடாவில் வீடு மட்டும் கட்டுகிறார். சிநேகிதி வீட்டுக்குப் போவதாகச் சொல்லிவிட்டுச் சேரட்டுமா?

பதில்: மகள், பொய் சொல்லிச் சேர வேண்டாம். மாலையில் தெரிந்த ஒரு முகமாவது எதிர்ப்படாமல் கல்லடிப் பாலத்தைக் கடக்க முடியுமா? ஒரு கிழமைக்குள் கதை வீட்டுக்கு வந்துவிடும். அப்புறம் வகுப்பும் போகும், உங்கள் சொல்லுக்கு உள்ள மதிப்பும் போகும்.

உங்கள் கோபம் நியாயமானது. அண்ணாவுக்கு ஒரு நேரம், உங்களுக்கு ஒரு நேரம் என்பது சரியில்லை. நம் இலங்கையில் சட்டம் சொல்லும் பராயமடையும் வயது 21இலிருந்து 18 ஆனது 1989இல். சட்டப்படி நீங்கள் முழு ஆள். ஆனால் வீட்டுக்குள் சட்டம் பேசினால் அப்பாவின் குரல்தான் உயரும்.

நீங்கள் 'வீடு மட்டும்' என்று சலித்துக்கொண்ட இடத்தில்தான் வழி இருக்கிறது. மட்டக்களப்பில் வீடு பெண்ணுக்கு. கலியாணம் முடித்து மாப்பிள்ளைதான் அந்த வீட்டுக்கு வருவார். ஒரு வீட்டையே உங்கள் கையில் தரலாம் என்று அப்பா நம்புகிறார். அதைப் பிடித்துப் பேசுங்கள்: "அப்பா, வீட்டை என்ட பேரில எழுதப் போறீங்க. அதை நடத்த எனக்கும் ஒரு தொழில் வேணும்."

அவருடைய பயம் முழுக்க ஊர்வாய்க்கான பயமும் இல்லை. கார்த்திகை, மார்கழியில் ஆறு மணிக்கு முன்பே இருட்டிவிடும், மழை வேறு. அதனால் பதிலோடு போங்கள். வார இறுதியில் காலை வகுப்பு இருக்கிறதா என்று விசாரியுங்கள். இல்லாவிட்டால் அம்மாவை ஒருநாள் கூட்டிப் போய் இடத்தையும் படிப்பிப்பவரையும் காட்டுங்கள். தாய்மாமன் இருந்தால் அவரையும் பேச வையுங்கள்; நம் பக்கத்தில் மாமாவின் சொல் எடுபடும். ஒன்பது மணிவரை வெளியில் நிற்கிற அண்ணா மழை நாளில் உங்களை ஏற்றி வரட்டும். மற்ற நாட்களில் பஸ்ஸில் நீங்களே வாருங்கள், அதுவும் பழக வேண்டியதுதான்.

முதலில் மூன்று மாதம் மட்டும் கேளுங்கள். மறுத்தால் அழுதுகொண்டு அறைக்குள் போகாமல், ஒரு கிழமை கழித்துத் திரும்பக் கேளுங்கள்.

அப்பா இதை வாசித்தால் அவரிடம் ஒன்று கேட்கிறேன். ஐயா, முதல் நாள் அந்த வகுப்பு வாசல்வரை பிள்ளையை நீங்களே கூட்டிப் போங்கள்.