நீதிபதி டென்னிங்: வாசகர் கேள்விகள்

கேள்வி: டென்னிங் பிரபு கணக்கு வாத்தியாராக இருந்தவராமே?

பதில்: ஆமாம், ஓராண்டு மட்டும். இந்த ஆங்கிலேய நீதிபதி 1899-இல் இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயரில் விட்சர்ச் என்ற சிற்றூரில் துணிக்கடைக்காரரின் மகனாகப் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் கணிதம் படிக்கச் சேர்ந்தபோது முதல் உலகப்போர் நடந்துகொண்டிருந்தது; படிப்பை நிறுத்தி, ராணுவப் பொறியாளர் படையில் பிரான்சுக்குப் போனார். திரும்பி வந்து கணிதத்தில் முதல் வகுப்பு வாங்கி, வின்செஸ்டரில் பாடம் நடத்தினார். பிறகு மறுபடி ஆக்ஸ்ஃபோர்டு, சட்டத்திலும் முதல் வகுப்பு. 1923-இல் வழக்கறிஞர், 1938-இல் கிங்ஸ் கவுன்சல் (மூத்த வழக்கறிஞர் பட்டம்), 1944-இல் உயர் நீதிமன்ற நீதிபதி.

கேள்வி: சட்ட மாணவி நான். 'ஹை ட்ரீஸ்' வழக்கில் குத்தகைதாரர் ஜெயித்தார் என்று எழுதியதற்கு மதிப்பெண் போய்விட்டது. ஏன்?

பதில்: ஜெயித்தது உரிமையாளர் நிறுவனம் என்பதால்தான். பலரும் வழுக்கி விழும் இடம் இது.

1937-இல் லண்டனில் ஓர் அடுக்குமாடிக் கட்டடம் 99 ஆண்டுக் குத்தகைக்கு விடப்பட்டது, வாடகை ஆண்டுக்கு 2,500 பவுண்டு. போர் வந்ததும் வீடுகள் காலியாகக் கிடந்தன. 1940-இல் உரிமையாளர் நிறுவனம் வாடகையை 1,250 ஆகக் குறைத்து எழுதிக் கொடுத்தது. அதற்கு ஈடாக எதையும் வாங்கிக்கொள்ளவில்லை, அதாவது மறுபயன் இல்லை; அப்படிப்பட்ட வாக்கு பொதுவாகச் சட்டப்படி கட்டுப்படுத்தாது. 1945 தொடக்கத்திலேயே வீடுகளெல்லாம் நிரம்பிவிட்டன. அந்த ஆண்டின் கடைசி இரண்டு காலாண்டுகளுக்கு முழு வாடகை கேட்டு வழக்கு வந்தது. போர்க்கால நிலைமைக்காகத் தந்த சலுகை அந்த நிலைமையோடு முடிந்தது என்று டென்னிங் முழு வாடகையும் தரச் சொன்னார்.

பிறகு ஏன் இவ்வளவு பேச்சு? 1940 முதல் 1945 வரைக்கான பழைய பாக்கியைக் கேட்டிருந்தால் கிடைத்திருக்காது என்று சேர்த்துச் சொன்னார். கடைப்பிடிப்பார்கள் என்று நம்பவைத்துத் தந்த வாக்கை, மற்றவர் நம்பி நடந்த பிறகு மீற முடியாது என்பதே அடிப்படை. தீர்ப்புக்கு அது அவசியமே இல்லை, போகிறபோக்கில் சொன்னது. 'வாக்குறுதி முரண்தடை' எனப்படும் இந்தக் கோட்பாடு மறுவாழ்வு பெற்றது அதில்தான். விடைத்தாளில் இன்னும் இரண்டு சேருங்கள்: தீர்ப்பு 1946-இல் வந்தது, 1947 என்பது சட்ட அறிக்கைத் தொகுப்பின் ஆண்டு. மேலும், இந்தக் கோட்பாடு கேடயம் மட்டுமே. இதை வைத்துப் புதிதாக வழக்குப் போட முடியாது என்று 1951-இல் கோம் வழக்கில் அவரே எல்லை கட்டினார்.

கேள்வி: பிரபுக்கள் சபையிலிருந்து கீழ் மன்றத்துக்கு யாராவது விரும்பிப் போவார்களா?

பதில்: அன்று பிரிட்டனின் உச்ச மன்றமாக இருந்த அந்தச் சபைக்கு 1957-இல் போன டென்னிங், 1962-இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் உரிமையியல் பக்கத் தலைவராக, அதாவது 'மாஸ்டர் ஆஃப் தி ரோல்ஸ்' ஆகக் கீழே வந்தார். அன்று சபையில் பொதுவாக ஐவர் அமர்வு. ஒத்துப்போக இன்னும் இருவர் வேண்டும். கீழே மூவர் அமர்வு; ஒருவர் போதும். எந்த வழக்கை எந்த நீதிபதி கேட்பது என்பதும் தலைவர் கையில். பெரும்பாலான வழக்குகள் அதற்கு மேல் போவதும் இல்லை. என் கணக்கில் அது பதவி இறக்கமே இல்லை.

கேள்வி: வழக்கு முடியுமுன் எதிராளியின் வங்கிப் பணத்தை முடக்கும் உத்தரவு அவர் தந்ததா?

பதில்: அவர் தலைமையில் அமர்ந்த அமர்வு 1975-இல் தந்தது. மரேவா வழக்கில் ஒரு கப்பலை நாளுக்கு 3,850 டாலருக்கு வாடகைக்கு எடுத்தவர்கள் இரண்டு தவணை கட்டிவிட்டு நிறுத்திக்கொண்டார்கள். அவர்களுக்கு இந்திய ஹை கமிஷன் செலுத்திய 1,74,000 பவுண்டு லண்டன் வங்கியில் இருந்தது. ஒரு தந்தி போதும், வெளிநாட்டுக்குப் பறந்துவிடும். எதிராளிக்குச் சொல்லாமலே கப்பல் உரிமையாளர்கள் உறுத்துக்கட்டளை (பணத்தை நகர்த்தக் கூடாது என்ற தடை உத்தரவு) வாங்கினார்கள்.

பின்னர் நிபந்தனைகள் இறுகின. கோரிக்கையில் வாதிடத்தக்க வலு, எதிராளிக்குச் சொத்து, அது கரைக்கப்படும் அபாயத்துக்கு ஆதாரம் மூன்றும் வேண்டும். உத்தரவு தவறென்று ஆனால் நஷ்டஈடு தருவதாக உறுதியும் கொடுக்க வேண்டும். விண்ணப்பங்கள் அடிவாங்குவது பெரும்பாலும் ஒளிப்பதில்தான்: தனக்குப் பாதகமான தகவலையும் தானே சொல்லியாக வேண்டும், மறைத்தால் உத்தரவு ரத்தாகலாம். உத்தரவு வந்த கையோடு வங்கிக்குத் தெரிவிக்க வேண்டும். தெரிந்தே பணத்தை விட்டால் வங்கியும் நீதிமன்ற அவமதிப்பில் மாட்டும். இது அடமானம் அல்ல. எதிராளி திவாலானால் மற்ற கடன்காரர்களோடு வரிசையில்தான் நிற்க வேண்டும்.

கேள்வி: அவரிடம் குறையே இல்லையா?

பதில்: நிறைய. பர்மிங்காம் குண்டுவெடிப்பில் தண்டிக்கப்பட்ட ஆறு பேர் காவல்துறை அடித்ததாகப் போட்ட வழக்கை 1980-இல் தடுத்தார். அவர்கள் ஜெயித்தால் காவல்துறை பொய்ச்சாட்சி சொன்னதாக ஆகிவிடும் என்பதே அவர் சொன்ன காரணங்களில் ஒன்று! 1991-இல் ஆறு பேரின் தண்டனையும் ரத்தானது. தலைப்பாகை அணிந்த சீக்கிய மாணவனைப் பள்ளி சேர்க்க மறுத்த வழக்கில், சீக்கியர் இனப் பாகுபாட்டுத் தடைச் சட்டம் காக்கும் இனக்குழு அல்ல என்றார். 1983-இல் பிரபுக்கள் சபை அதைத் திருப்பியது.

கேள்வி: 83 வயதுவரை எப்படிப் பதவியில் இருந்தார்?

பதில்: 75 வயது வரம்பு 1959-இல் வந்தது, ஏற்கெனவே பதவியில் இருந்தவர்களுக்குப் பொருந்தவில்லை. 1982-இல் வெளியான தன் நூலில், கறுப்பினத்தவரில் சிலர் ஜூரிக்குத் தகுதியற்றவர்கள் என்ற தொனியில் எழுதினார். அவர் குறிப்பிட்ட வழக்கின் ஜூரிகள் வழக்குத் தொடரப்போவதாக எச்சரிக்க, நூல் திரும்பப் பெறப்பட்டது. மன்னிப்புக் கேட்டு, அதே ஆண்டு ஓய்வுபெற்றார்.