கைத்துப்பாக்கியில் ரெட் டாட் பொருத்திய பின் புள்ளி விலகுவது ஏன்?

கேள்வி: அமெரிக்காவின் டெக்சஸ் மாநிலத்தில் வசிக்கிறேன். கேரி ஆப்டிக்ஸ் (ரெட் டாட் பொருத்திய கைத்துப்பாக்கிகளுக்கானது) பிரிவுப் போட்டிகளில் கலந்துகொள்வதற்காக என் க்ளாக் 17 எம்.ஓ.எஸ். (சைட் பொருத்துவதற்கான பள்ளத்தோடு வரும் மாடல்) பிஸ்டலில் ட்ரிஜிகான் ஆர்.எம்.ஆர். டைப் 2 ரெட் டாட்டை, அதாவது இலக்கின் மேல் சிவப்புப் புள்ளியைக் காட்டும் சைட்டை, நானே பொருத்தினேன். பெட்டியில் வந்த பிளேட்டையும் (சைட்டுக்கும் துப்பாக்கிக்கும் இடையில் வைக்கும் தகடு) சாதாரண ஸ்க்ரூடிரைவரையும்தான் பயன்படுத்தினேன். ஏறத்தாழ 200 ரவுண்டு சுட்ட பிறகு குண்டுகள் இடப்பக்கமாக விழத் தொடங்கின. தொட்டுப் பார்த்தபோது ஒரு திருகு தளர்ந்திருந்தது. சைட்டில் குறையா, நான் பொருத்திய விதத்தில் குறையா? மறுபடி பொருத்தும்போது எதையெல்லாம் கவனிக்க வேண்டும்? எந்தத் தூரத்தில் ஜீரோ செய்ய (புள்ளி காட்டும் இடத்திலேயே குண்டு விழும்படி சரிசெய்ய) வேண்டும்?

பதில்: நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் சைட்டின் மீது சந்தேகப்பட இடமில்லை. திருகு தளர்ந்திருந்தது என்ற ஒரு வரியிலேயே காரணம் இருக்கிறது. கைத்துப்பாக்கியின் நகரும் மேல்பாகமான ஸ்லைடின் மேல் உட்காரும் ரெட் டாட், ஒவ்வொரு முறை சுடும்போதும் ஸ்லைடோடு சேர்ந்து பின்னால் பாய்ந்து, சட்டென்று நின்று, மீண்டும் முன்னால் ஓடி, மறுபடியும் சட்டென்று நிற்கிறது. ரைஃபிளின் மேல் அசையாமல் இருக்கும் சைட்டுக்கு இந்தத் தொல்லை இல்லை. இவ்வளவு அதிர்ச்சியையும் உங்கள் அமைப்பில் தாங்குபவை நான்கு சிறிய திருகுகள்: பிளேட்டை ஸ்லைடோடு பிணைக்கும் இரண்டும், சைட்டைப் பிளேட்டோடு பிணைக்கும் இரண்டும். இவற்றில் எது தளர்ந்தாலும் புள்ளி நகரும். ஆகவே புதிய சைட் வாங்குவதைப் பற்றி இப்போது யோசிக்க வேண்டாம். அந்தப் பணத்தில் ஒரு சிறு பகுதிக்கு, அங்குல-பவுண்டு அளவில் முறுக்குவிசையை நிர்ணயிக்கக்கூடிய ஒரு டார்க் ஸ்க்ரூடிரைவர் வாங்குங்கள். இந்த வேலையில் மிக அவசியமான கருவி அதுதான் என்பது என் உறுதியான கருத்து.

வேலையைத் தொடங்கும் முன் பாதுகாப்பு. மேகசினைக் கழற்றி, ஸ்லைடைப் பின்னுக்கு இழுத்து நிறுத்தி, தோட்டா அறையைக் கண்ணாலும் சுண்டுவிரலாலும் சோதித்து, தோட்டாக்களை எல்லாம் வேறு அறைக்குக் கொண்டுபோய் வைத்துவிடுங்கள். க்ளாக்கைப் பிரிக்க வேண்டுமானால் ட்ரிகரை அழுத்தியே ஆக வேண்டும் என்பதால், காலி என்று நினைத்த துப்பாக்கி வெடித்த விபத்துகள் இந்தக் கட்டத்தில்தான் நேர்கின்றன. எனவே ட்ரிகரைத் தொடுவதற்கு முன் தோட்டா அறையை இரண்டாவது முறையும் பாருங்கள். அப்போதும் குழலைப் பாதுகாப்பான திசையில் வைத்துக்கொண்டே அழுத்துங்கள். பிறகு ஸ்லைடை மட்டும் தனியாக எடுத்து, பிளாஸ்டிக் தாடை போட்ட வைஸில் மெதுவாகப் பிடித்து வேலை செய்யுங்கள். முழுத் துப்பாக்கியையும் மடியில் வைத்துக்கொண்டு திருகை முறுக்குவது ஆபத்து என்பதோடு, முறுக்கும் விசையும் நேராக விழாது.

அடுத்தது பிளேட். 2015-இல் அறிமுகமான எம்.ஓ.எஸ். அமைப்பில் க்ளாக் நிறுவனம் பெட்டியோடு கொடுக்கும் பிளேட்டுகளுக்கு எண்கள் உண்டு. ஆர்.எம்.ஆர்.-க்கு உரியது 02. அதே அடித்தள வடிவத்தைப் பின்பற்றும் ஹோலோசன் 507சி போன்றவையும் அதே பிளேட்டில்தான் உட்காரும். டாக்டர் (Docter என்ற நிறுவனப் பெயர்) வகை அடித்தளம் கொண்ட வோர்டெக்ஸ் வைப்பர், வெனம் ஆகியவற்றுக்கு 01. லியூபோல்டு டெல்டாபாயிண்ட்டுக்கு 04. தவறான பிளேட்டில் சைட் உட்காரவே உட்காராது என்பதால் இதில் பெரிய குழப்பம் வராது. குழப்பம் வருவது சரியான பிளேட்டின் பொருத்தத்தில். ஸ்லைடில் வெட்டப்பட்ட பள்ளத்தில் பிளேட்டைத் திருகில்லாமல் வைத்து, கட்டைவிரலால் முன்னும் பின்னும் தள்ளிப் பாருங்கள். கண்ணுக்குத் தெரியும் அளவுக்கு அது நகர்ந்தால், ஒவ்வொரு குண்டின் அதிர்ச்சியும் திருகின் கழுத்திலேயே போய் விழும். அப்படிப்பட்ட நிலையில் பள்ளத்தில் இறுக்கமாக உட்காரும்படி செய்யப்பட்ட எஃகுப் பிளேட் ஒன்றை வெளியில் வாங்குவதில் பொருள் உண்டு; ஃபார்வர்ட் கண்ட்ரோல்ஸ் டிசைன் போன்ற நிறுவனங்கள் அவற்றைச் செய்கின்றன. ஆடாமல் உட்கார்ந்தால் பெட்டியில் வந்ததே போதும்.

உங்கள் சைட்டுக்கே உரிய ஒரு விஷயத்தை இங்கே சொல்லியாக வேண்டும். ஆர்.எம்.ஆர். டைப் 2-இன் பேட்டரியான சி.ஆர். 2032 சைட்டின் அடியில் இருக்கிறது. அந்தக் குழியின் வாயை மூட, மெல்லிய சீலிங் பிளேட் ஒன்றை ட்ரிஜிகான் எம்.ஓ.எஸ். பிஸ்டல்களுக்கென்று திருகுகளோடு தனித் தொகுப்பாக விற்கிறது. அதைப் போடாமல் விட்டால் வியர்வையும் எண்ணெயும் மழைத்தண்ணீரும் பேட்டரி வரை செல்ல வழி கிடைத்துவிடும். சீலிங் பிளேட் சேர்ந்தால் மொத்தத் தடிமன் கூடுவதால், அந்தத் தொகுப்பில் வரும் திருகுகளையே பயன்படுத்த வேண்டும். பழைய திருகுகளைப் போட்டால் பிளேட்டின் மரையில் பிடிக்கும் சுற்றுகள் குறைந்துவிடும். முதல் முறை இதை விட்டிருந்தால் இப்போது சேர்த்துவிடுங்கள்.

திருகின் நீளத்தைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுத விரும்புகிறேன், ஏனெனில் வீட்டில் பொருத்துபவர்கள் பெரும்பாலும் இங்கேதான் ஏமாறுகிறார்கள். சைட்டைப் பிணைக்கும் திருகு அளவுக்கு மீறி நீளமாக இருந்தால், அதன் நுனி பிளேட்டைத் துளைத்துக் கீழே இறங்கி ஸ்லைடின் தளத்தில் முட்டி நின்றுவிடும். உங்கள் கைக்குத் திருகு இறுகிவிட்டதைப் போலவே தெரியும். டார்க் ஸ்க்ரூடிரைவரும் கிளிக் என்று சொல்லிவிடும். ஆனால் திருகின் தலை சைட்டை அழுத்திப் பிடித்திருக்காது. பத்திருபது ரவுண்டு போனதும் சைட் ஆடத் தொடங்கும். இதைத் தவிர்க்க, பிளேட்டை ஸ்லைடில் வைப்பதற்கு முன்பே, சைட், சீலிங் பிளேட், பிளேட் மூன்றையும் கையில் வைத்துச் சேர்த்துத் திருகிவிட்டு, அடிப்பக்கத்தை விரல் நுனியால் தடவிப் பாருங்கள். நுனி வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அந்தத் திருகு ஆகாது.

இரண்டாவது சோதனை ஸ்லைடின் வலப்பக்கத்தைப் பற்றியது. பிளேட்டை ஸ்லைடோடு பிணைக்கும் வலப்பக்கத் துளைக்கு அடியில்தான் எக்ஸ்ட்ராக்டரை (சுட்ட கூட்டை வெளியே இழுக்கும் கொக்கி) அழுத்திக்கொண்டிருக்கும் கம்பியும் ஸ்ப்ரிங்கும் ஓடும் குழாய்ப் பாதை இருக்கிறது. அந்தப் பக்கத் திருகு நீளமாக இருந்தாலோ, திருகு தளராமலிருக்க மரையில் தடவிய பசை அளவுக்கு மீறி வழிந்து உள்ளே இறங்கினாலோ, கம்பி நகர முடியாமல் சிக்கிக்கொள்ளும். விளைவாக, சுட்ட தோட்டாவின் கூடு வெளியேறாமல் மாட்டும். சுடுபவரோ தோட்டாவின் மீதும் மேகசினின் மீதும் பழி போட்டுக்கொண்டிருப்பார். பிளேட்டை முறுக்கி முடித்ததும் ஸ்லைடின் பின்மூடியைக் கழற்றி, அந்தக் கம்பி தடையில்லாமல் முன்னும் பின்னும் ஓடுகிறதா என்று பாருங்கள். ஐந்து நிமிட வேலை இது. இதைச் செய்யாமல் ஸ்லைடை மீண்டும் மாட்டாதீர்கள்.

இனி உங்கள் திருகு தளர்ந்ததற்கான நேரடிக் காரணம். மரைகளில் தொழிற்சாலை எண்ணெய் இருந்திருக்க வேண்டும். பசை போடவில்லை என்றும் ஊகிக்கிறேன். நான்கு திருகுகள், அவற்றின் துளைகள், பிளேட்டின் இரு முகங்கள், ஸ்லைடின் பள்ளம் எல்லாவற்றையும் ஐசோப்ரோபைல் ஆல்கஹால் நனைத்த பஞ்சால் துடைத்து, முற்றிலும் உலரவிடுங்கள். அசிட்டோனும் எண்ணெயை நன்றாக எடுக்கும். ஆனால் அது சைட்டின் லென்ஸ் பக்கம் போகக் கூடாது. உலர்ந்த மரையின் நுனியிலிருந்து மூன்று நான்கு சுற்றுகளுக்கு மட்டும் நீல நிற லாக்டைட் என்ற திருகுப் பசையை மெல்லிய படலமாகத் தடவுங்கள். எஞ்சியிருக்கும் லேசான எண்ணெய்ப் பசையையும் பொறுத்துக்கொள்ளும் 243 என்ற வகை இதற்கு ஏற்றது. துளைக்குள் சொட்டுச் சொட்டாக விடுவதுதான் மேலே சொன்ன எக்ஸ்ட்ராக்டர் தொல்லைக்கு வழி. சிவப்பு நிற லாக்டைட்டை எக்காரணம் கொண்டும் தொடாதீர்கள். அதை விடுவிக்கப் பலமாகச் சூடுபடுத்த வேண்டும், மின்னணுப் பாகம் உள்ள சைட்டின் பக்கத்தில் அந்தச் சூட்டைக் காட்ட முடியாது. உங்கள் சைட்டின் பேட்டரியை மாற்றச் சைட்டையே கழற்ற வேண்டும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

முறுக்கும்போது ஒரு திருகை முழுவதும் இறுக்கிவிட்டு மற்றதற்குப் போகாமல், இரண்டையும் மாறி மாறிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்குங்கள். சைட் சமமாக உட்காருவதற்கு அதுவே வழி. ஆர்.எம்.ஆர்.-இன் திருகுகளுக்கு ட்ரிஜிகான் சொல்லும் அளவு 12 அங்குல-பவுண்டு, அதாவது ஏறத்தாழ 1.36 நியூட்டன்-மீட்டர். கையால் முறுக்குபவர்கள் இதைவிடப் பல மடங்கு அதிகமாக முறுக்கிச் சிறிய திருகின் கழுத்தை ஒடித்துவிடுகிறார்கள், அல்லது ஒடிந்துவிடுமோ என்ற பயத்தில் பாதியிலேயே விட்டுவிடுகிறார்கள். பிளேட்டுக்கான திருகுகளுக்கு அந்தப் பிளேட்டோடு வந்த தாளில் உள்ள அளவைப் பின்பற்றுங்கள். முடித்ததும், திருகின் தலையிலிருந்து சைட்டின் உடல் வரை பெயின்ட் பேனாவால் மெல்லிய நேர்கோடு ஒன்று போட்டுவிடுங்கள். கோடு உடைந்து தெரிந்தால் திருகு சுழன்றிருக்கிறது என்று பொருள். கருவி எதுவும் இல்லாமல் ஒரு பார்வையிலேயே இதைக் கண்டுகொள்ளலாம். பசை முழு வலிமை பெற 24 மணி நேரம் ஆகும். பொருத்திய அன்று மாலையே ரேஞ்சுக்குப் போகும் ஆசையை அடக்கிக்கொள்ளுங்கள்.

ஜீரோ செய்வதற்கு முன் ஓர் எச்சரிக்கை. வலது கையால் சுடுபவர்களின் குண்டுகள் இடப்பக்கமாகவும் கீழாகவும் விழுவதற்கு, ட்ரிகரை இழுக்கும்போது கை சேர்ந்து அழுத்துவது மிகப் பொதுவான காரணம். உங்கள் விஷயத்தில் திருகு தளர்ந்திருந்தது உண்மைதான். என்றாலும் விலகல் முழுவதையும் திருகின் கணக்கிலேயே எழுதிவிட முடியாது. அதனால் மேசையில் மணல் பையின் மேல் கையைத் தாங்கி, ஐந்து ஐந்து குண்டுகளாகச் சுட்டு, அந்தக் கூட்டத்தின் மையத்தை வைத்து மட்டுமே திருத்துங்கள். தனிக் குண்டு ஒன்றைத் துரத்தித் திருத்துபவரின் புள்ளி என்றைக்கும் ஓரிடத்தில் நிற்பதில்லை.

முதலில் 10 கெஜத்தில் சுமாராகச் சரிசெய்து, பிறகு 25 கெஜத்தில் முடிப்பதையே நான் பரிந்துரைப்பேன். உங்கள் சைட்டின் திருத்தத் திருகில் ஒரு கிளிக் என்பது ஒரு எம்.ஓ.ஏ. (ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு). அது 25 கெஜத்தில் ஏறத்தாழ கால் அங்குலம். 10 கெஜத்தில் ஏறத்தாழ ஓர் அங்குலத்தில் பத்தில் ஒரு பங்கு. 25 கெஜத்தில் உங்கள் குண்டுக் கூட்டம் ஒன்றரை அங்குலம் இடப்பக்கமும் ஓர் அங்குலம் கீழும் விழுந்தால், வலப்பக்கம் ஆறு கிளிக்கும் மேலே நான்கு கிளிக்கும் திருப்ப வேண்டும். அந்தத் திருத்தத் திருகின் பக்கத்தில் உள்ள அம்புக்குறி குண்டு நகரும் திசையைக் காட்டுகிறது, புள்ளி நகரும் திசையை அல்ல. இதைத் தலைகீழாகப் புரிந்துகொண்டு தோட்டாவை வீணாக்குபவர்கள் பலர்.

25 கெஜம் ஏன் என்றால், சைட்டின் மையம் குழலின் மையத்துக்கு மேலே ஏறத்தாழ ஓர் அங்குலம் இருக்கிறது. சாதாரண 9 மி.மீ. தோட்டாவுக்கு 25 கெஜத்தில் ஜீரோ செய்தால், 10 கெஜத்தில் குண்டு அரை அங்குலத்துக்கும் குறைவாகவே கீழே விழும். மாறாக 10 கெஜத்தில் ஜீரோ செய்தால் 25 கெஜத்தில் ஏறத்தாழ ஓர் அங்குலம் மேலே போகும். போதாததற்கு, 10 கெஜத்தில் கண்ணுக்குத் தெரியாத சிறு பிழை தூரம் கூடக் கூடப் பெருகும். 25 கெஜ ஜீரோவில் நீங்கள் கவனிக்க வேண்டியது மிக அருகில் உள்ள இலக்குகள் மட்டுமே. 3 கெஜத்தில் குண்டு முக்கால் அங்குலத்துக்குச் சற்று அதிகமாகவே கீழே விழும் என்பதால், போட்டியில் சுடக் கூடாத இலக்கு ஒன்று அருகிலுள்ள இலக்கைப் பாதி மறைத்து நிற்கும் இடங்களில் புள்ளியை அந்த அளவு மேலே வைத்துச் சுடுங்கள்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சேர்த்துவிடுகிறேன். உங்கள் கண்ணுக்குப் புள்ளி வட்டமாகத் தெரியாமல் சிதறிய நட்சத்திரம் போலவோ, வால் முளைத்தது போலவோ தெரிந்தால், காலித் துப்பாக்கியில் செல்போன் கேமராவால் லென்ஸ் வழியே ஒரு படம் எடுத்துப் பாருங்கள். படத்தில் வட்டமாக இருந்தால் சைட் நன்றாக இருக்கிறது, கண்ணில் சிலிண்டர் பவர் இருக்க வாய்ப்பு அதிகம். கண் மருத்துவரைப் பாருங்கள். வெளிச்சத்தை ஒன்றிரண்டு படி குறைத்தாலும் சிதறல் கணிசமாகக் குறையும்.

பேட்டரியை ஆண்டுக்கு ஒரு முறை, ஒரே தேதியில் மாற்றிவிடுங்கள். உங்கள் மாடலில் அதற்குச் சைட்டைக் கழற்ற வேண்டியிருப்பதால், பழைய பசையைச் சுரண்டி எடுத்து, மரையைத் துடைத்து, புதிய பசை தடவி, 12 அங்குல-பவுண்டுக்கு முறுக்கி, கோடு போட்டு, மறுநாள் 25 கெஜத்தில் பத்து குண்டுகளாவது சுட்டு ஜீரோவைச் சரிபார்த்த பிறகே போட்டிக்கு எடுத்துச் செல்லுங்கள்.