ஒன்றுக்கொன்று செங்குத்தான (90° கோணத்தில் வெட்டும்) இரு கோடுகளின் சாய்வுகளைப் பெருக்கினால் ஏன் −1 வருகிறது?

சூத்திரத்தைக் கொஞ்சம் மறந்துவிட்டு, ஒரு கோட்டைத் திருப்பிப் பாருங்கள். சாய்வு 2 என்றால், வலப்பக்கம் 1 நகரும்போது மேலே 2 ஏறுகிறோம். அந்தக் கோட்டை இடஞ்சுழியாக 90° திருப்பினால், வலப்பக்க நகர்வு மேல்நோக்கியும் மேல்நோக்கிய நகர்வு இடப்பக்கமாகவும் மாறிவிடும்: இடப்பக்கம் 2, மேலே 1. அதாவது சாய்வு −1/2. இரண்டையும் பெருக்கினால் −1. அவ்வளவுதான் ரகசியம்.

(0, 5), (4, 3) வழியாகப் போகும் கோட்டின் சாய்வு (3 − 5)/(4 − 0) = −1/2. ஆக, சாய்வு 2 உள்ள எந்தக் கோட்டுக்கும் இது செங்குத்து.

இணைகோடுகளுக்குச் சாய்வு சமமாக இருந்தால் போதும்; இரண்டும் ஒரே கோடாக இருந்துவிடக் கூடாது. அப்புறம், பலர் சறுக்கும் இடம்: நேராக மேலும் கீழும் போகும் நிலைக்குத்துக் கோட்டுக்குச் சாய்வு வரையறுக்கப்படுவதில்லை. அங்கே −1 விதி செல்லாது. அதற்குச் செங்குத்து, சாய்வு 0 உள்ள கிடைமட்டக் கோடு.