கசந்த சுரைக்காயும் காப்பித்தூள் வாந்தியும்

கேள்வி: டாக்டர், மொட்டை மாடியில் தொட்டியில் போட்ட சுரைக்கொடி நன்றாகக் காய்க்கிறது. என் வீட்டுக்காரருக்கு 58 வயது. சர்க்கரைக்கு, பிரஷருக்கு, ரத்தம் உறையாமல் இருக்க என்று மூன்று மாத்திரை ஓடுகிறது. யூடியூபில் பார்த்துவிட்டு ஒரு மாதமாக வெறும் வயிற்றில் சுரைக்காய் ஜூஸ் குடிக்கிறார். சர்க்கரை மாத்திரையைப் பாதியாக உடைத்துப் போடுகிறார். போன வாரம் ஒருநாள் ஜூஸ் ரொம்பக் கசந்தது. "கசப்பு சர்க்கரைக்கு நல்லது" என்று மூக்கைப் பிடித்துக்கொண்டு முழு டம்ளரும் குடித்தார். அரை மணி நேரத்தில் வாந்தி, பேதி. கடைசி வாந்தி காப்பித்தூள் கலந்த மாதிரி இருந்தது. மருந்துக்கடையில் வயிற்றுவலி மாத்திரை வாங்கிப் போட்டு இரண்டு நாளில் தேறிவிட்டார். சோர்வு மட்டும் போகவில்லை. எங்கள் பக்கத்துக் காற்றிலும் மண்ணிலும் உள்ள விஷம் காயில் ஏறிவிட்டதா? சுரைக்காய் சாப்பிட்டால் சளி பிடிக்கும், கிட்னியில் கல் வரும் என்கிறார்களே? இலை, தோல், விதையைச் சமைக்கலாமா? முற்றிய காயைக் குடுக்கையாக்கி அதில் தண்ணீர் வைத்துக் குடித்தால் சர்க்கரை குறையும் என்கிறார் மாமியார். செய்யலாமா? — வாசகி, திருவொற்றியூர்

பதில்: கடிதத்தின் நடுவில் ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போயிருக்கிறீர்களே, அந்தக் காப்பித்தூள் வாந்தி, அதை முதலில் பார்ப்போம். மற்றதெல்லாம் அப்புறம். இரைப்பையில் கசிந்த ரத்தம் அங்குள்ள அமிலத்தோடு சிறிது நேரம் கலந்து கிடந்தால் சிவப்பாக வெளியே வராது. கருத்து, துகள் துகளாக, காப்பித்தூள் போலத்தான் வரும். உங்கள் கணவருக்கு அன்று இரைப்பையில் ரத்தக் கசிவு இருந்தது என்று வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். வாந்தி நின்றதால் புண் ஆறிவிட்டது என்று அர்த்தமில்லை. அதுவும் ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை போடுகிறவருக்கு, வெளியே தெரியாமல் கொஞ்சம் கொஞ்சமாகக் கசிந்துகொண்டே இருக்கலாம். போகாத அந்தச் சோர்வுக்கு இதுவே காரணமாக இருக்கலாம்.

இன்றே அவரை அழைத்துக்கொண்டு போங்கள். உங்களுக்கு ஸ்டான்லி மருத்துவமனை தூரமில்லை. இரைப்பை, குடல் நோய்களுக்கு அங்கே தனிப் பிரிவே இருக்கிறது. ஹீமோகுளோபின், சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியாட்டினின், சர்க்கரை மூன்றையும் பார்ப்பார்கள். தேவைப்பட்டால் வாய் வழியாகக் குழாய் விட்டு இரைப்பையைப் பார்க்கும் எண்டோஸ்கோபி செய்வார்கள். மலம் தார் போலக் கருப்பாகப் போகிறதா என்று கூச்சப்படாமல் அவரிடம் கேளுங்கள். அப்படிப் போனாலோ, எழுந்து நிற்கும்போது தலை சுற்றினாலோ, மறுபடி வாந்தி வந்தாலோ, நள்ளிரவானாலும் 108-ஐக் கூப்பிடுங்கள். மருத்துவமனையில் "வாந்தி, பேதி" என்று மட்டும் சொன்னால் கெட்டுப்போன சாப்பாட்டுக் கணக்கில் எழுதி, உப்பு சர்க்கரைக் கரைசலோடு அனுப்பிவிட வாய்ப்பிருக்கிறது. கசந்த சுரைக்காய் ஜூஸ் குடித்தார், காப்பித்தூள் மாதிரி வாந்தி எடுத்தார், ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை போடுகிறார் என்று மூன்றையும் சேர்த்துச் சொல்லுங்கள். அந்த மாத்திரையை நிறுத்துவதா, தொடர்வதா என்பதைப் பார்க்கிற மருத்துவர் சொல்லட்டும். நீங்களாக முடிவு செய்ய வேண்டாம்.

மருந்துக்கடையில் என்ன மாத்திரை கொடுத்தார்கள் என்று நீங்கள் எழுதவில்லை. டைக்ளோபினாக், ஐபுபுரூஃபன் வகை வலி மாத்திரையாக இருந்தால், புண்பட்ட இரைப்பையை இன்னும் கிளறியிருக்கும். வயிற்றுவலி என்றதும் கவுண்டரில் கையை நீட்டி வாங்கிப் போடும் பழக்கத்தை எத்தனை முறைதான் சொல்வது! அந்த அட்டை வீட்டில் கிடந்தால் அதையும் எடுத்துப் போங்கள்.

சரி, உங்களை உண்மையில் அரிக்கிற கேள்விக்கு வருகிறேன். நீங்கள் ஊற்றிய தண்ணீரோ, வைத்த மண்ணோ, உங்கள் ஊர்க் காற்றோ அந்தக் காயை விஷமாக்கவில்லை. 2023 டிசம்பரில் எண்ணூர்ப் பக்கம் எண்ணெய்க் கசிவு, அமோனியா கசிவு இரண்டையும் ஒரே மாதத்தில் பார்த்தவர்களுக்கு எதைக் கண்டாலும் சந்தேகம் வருவது நியாயம்தான். ஆனால் இந்தக் கசப்பு தொழிற்சாலைச் சரக்கு இல்லை. சுரைக்கொடி தானே தயாரிக்கும் குகர்பிடாசின் என்ற பொருள் அது. மாடும் பூச்சியும் தின்னாமல் தன்னைக் காத்துக்கொள்ள காட்டுச் சுரை வைத்திருக்கும் ஆயுதம். கசக்காத காயின் விதையாகப் பார்த்துப் பார்த்து விதைத்துத்தான் நாம் சாப்பிடும் சுரை வந்தது. கடும் வெயில், தண்ணீர்க் குறைவு, அல்லது கசப்புச் சுரையோடு கலந்த விதை என்று ஏதோ ஒன்றால் பழைய குணம் திரும்பி வந்துவிடும். வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது. பச்சைப் பசேலென்று, நகம் இறங்கும் பிஞ்சாகவே இருக்கும்.

இந்த விஷத்தை முறிக்கும் மருந்து கிடையாது. சலைன் ஏற்றி, ரத்த அழுத்தம் விழாமல் பார்த்து, இரைப்பைக்கு மருந்து கொடுத்துக் காப்பாற்றுவதுதான் சிகிச்சை. நேரத்தோடு வந்தவர்கள் பெரும்பாலும் சில நாளில் தேறிவிடுகிறார்கள். வராதவர்கள் கதை வேறு. 2010-இல் டெல்லியில் ஒரு விஞ்ஞானி சுரைக்காய், பாகற்காய் கலந்த ஜூஸ் குடித்து இறந்துபோனார். அதன் பிறகு இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் நிபுணர் குழு அமைத்து ஆராய்ந்தது. ஜூஸ் போடும் முன் ஒரு துண்டை வாயில் வைத்துப் பாருங்கள், கசந்தால் தூக்கிப் போடுங்கள், வேறு சாறோடு கலக்காதீர்கள், குடித்தபின் உடம்புக்கு முடியாமல் போனால் உடனே மருத்துவமனைக்குப் போங்கள் என்றது. கலக்காதீர்கள் என்றதற்குக் காரணம் இருக்கிறது. பாகற்காயோடு கலந்துவிட்டால் எது எதன் கசப்பு என்று நாக்குக்குத் தெரியாது.

சமைத்தால் போய்விடும் என்று நினைக்காதீர்கள், போகாது. 2015-இல் ஜெர்மனியில் 79 வயதுக்காரர் ஒருவர் தோட்டத்தில் விளைந்த சுக்கினியைச் சமைத்துச் சாப்பிட்டு இறந்தார். அதுவும் சுரைக் குடும்பம்தான். அவர் மனைவி கசக்கிறதே என்று கொஞ்சத்தோடு நிறுத்திக்கொண்டார், பிழைத்தார்.

ஜூஸ்காரர்கள்மேல் எனக்குள்ள கோபமும் இதனால்தான். கூட்டில் கசந்தால் முதல் வாயிலேயே துப்பிவிடுவோம். ஜூஸில் முழுக் காயின் கசப்பும் ஒரு டம்ளரில் இறங்கிவிடுகிறது, மூக்கைப் பிடித்துக்கொண்டு ஒரே மடக்கில் குடித்தாகிறது. "கசந்தால் நல்லது" என்பது பாகற்காய்க்கு வேண்டுமானால் பொருந்தும். சுரை, பீர்க்கை, வெள்ளரி எதுவானாலும் கடும் கசப்பு இருந்தால் குப்பைக்குத்தான் போக வேண்டும்.

அந்த ஜூஸ் சர்க்கரையையும் குணமாக்காது. சுரைக்காயில் நூற்றில் தொண்ணூறுக்கு மேல் தண்ணீர். 100 கிராமுக்கு 15 கலோரி வாக்கில் வரும். வடிகட்டினால் இருக்கிற கொஞ்சம் நாரும் போய்விடும். சோற்றைக் குறைத்துக்கொண்டு அந்த இடத்தில் சுரைக்காயைச் சாப்பிட்டால் சர்க்கரைக்கு நல்லதுதான், அதற்குமேல் அதில் மந்திரம் ஒன்றும் இல்லை. மாத்திரையைப் பாதியாக்கச் சொன்ன வீடியோக்காரர் உங்கள் வீட்டுக்காரரின் மூன்று மாதச் சர்க்கரை அளவைப் பார்த்தாரா? இன்று பார்க்கிற மருத்துவரிடம் அதையும் மறைக்காமல் சொல்லுங்கள். இன்னொன்று: வாந்தி பேதி நாளில் உடம்பு வற்றிக் கிடக்கும்போது பிரஷர் மாத்திரையும் மெட்பார்மின் என்ற சர்க்கரை மாத்திரையும் வழக்கம்போல் போட்டால் சிறுநீரகத்துக்கு ஆபத்து. அப்படிப்பட்ட நாளில் மருத்துவரிடம் போனிலாவது கேட்டுவிட்டுப் போடட்டும்.

சளி பிடிக்காது. சளி கிருமியால் வருவது. கூட்டிலும் குழம்பிலும் சாப்பிடும் அளவுக்கு கல்லும் வராது. கல்லுக்குப் பயந்தால் வெயில் காலத்தில் தண்ணீர் குடிக்கச் சொல்லுங்கள். நல்ல காயென்றால் பிஞ்சு விதையோடு சமைக்கலாம், தோலில் துவையல் அரைக்கலாம். இளம் இலையை வங்காளத்தில் கீரையாகவே சமைக்கிறார்கள். காசிமேட்டு இறால் போட்டுச் செய்கிற சுரைக்காய்க்கு நானே ரசிகன். கருவாடு போட்டால் மட்டும் பிரஷர்காரருக்கு அளவோடு வையுங்கள், அதில் ஏறியிருக்கிற உப்பு கொஞ்சநஞ்சமில்லை.

குடுக்கை விஷயத்தில் உங்கள் மாமியார் சொல்வது பழைய வழக்கம்தான். நீச்சல் பழகவும் விதை போட்டு வைக்கவும் மகுடி செய்யவும் சுரைக்குடுக்கைதான் இருந்தது. வீணையில் தந்தியின் கீழே தொங்குகிற சின்னக் குடத்தையும் சுரையில்தான் செய்தார்கள். ஆனால் இந்தக் கொடியின் காயில் தண்ணீர் வைத்துக் குடிக்க வேண்டாம். கசப்பு ஓட்டிலிருந்து தண்ணீரில் இறங்கும். குடித்தால் சர்க்கரை குறையும் என்பதும் பொய். காயவைத்து அலமாரியில் அழகுக்கு வையுங்கள், போதும்.

கொடியைப் பிடுங்கிவிடுங்கள். இதற்கு முன் காய்த்ததெல்லாம் கசக்கவில்லை என்பதால், விதையைவிட வெயிலும் தொட்டி காய்ந்ததும்தான் காரணமாக இருக்கும். விதையில் கோளாறென்றால் முதல் காயிலிருந்தே கசந்திருக்கும். இருந்தாலும் ஒருமுறை கசந்த கொடியை நம்பி இன்னொரு காய் பறிப்பானேன். அடுத்த முறை போடும்போது கடையில் பாக்கெட் விதை வாங்குங்கள். ஒவ்வொரு காயிலும் காம்புப் பக்கம் ஒரு துண்டு, நுனிப் பக்கம் ஒரு துண்டு நறுக்கி, பச்சையாக நாக்கில் வைத்துப் பார்த்துத் துப்பிவிட்டுச் சமையுங்கள். இந்தக் கொடியிலிருந்து விதை எடுக்க வேண்டாம். சுரைப்பூ மாலையில் மலர்வது, இரவில் எந்தப் பூச்சி எந்தக் கொடியின் மகரந்தத்தைக் கொண்டுவந்து சேர்த்தது என்று நமக்குத் தெரியாது. அக்கம்பக்கத்தில் யாருக்காவது ஏற்கெனவே விதை கொடுத்திருந்தால், இந்த நாக்குச் சோதனையை அவர்களுக்கும் சொல்லிவிடுங்கள்.