தாக் கிஸ்ரா வளைவு: சிமெண்ட் பூசினால் தாங்குமா?

கேள்வி: இராக்கில் இருக்கும், சாசானியர் என்ற பழைய பாரசீக அரச வம்சத்தின் காலத்து தாக் கிஸ்ரா வளைவுக்குப் போரால் ஆபத்து என்கிறார்கள். குண்டு நேராக விழாதவரை பயமில்லைதானே? விரிசல்களைச் சிமெண்டால் அடைத்துவிட்டால் போதாதா?

பதில்: சிமெண்டை முதலில் மறந்துவிடுங்கள். சுமார் 25 மீட்டர் அகலம், 37 மீட்டர் உயரம் கொண்ட அந்த வளைவில் ஒரு கம்பிகூடக் கிடையாது. சுட்ட செங்கல்லும் ஜிப்சம் சாந்தும்தான். அடியில் 7 மீட்டர்வரை தடித்திருக்கும் சுவர் உச்சியில் 1 மீட்டராக மெலிகிறது. செங்கற்களைச் சாய்த்து, முந்தைய வரிசையின் மேலேயே ஒட்டிக்கொண்டு போயிருக்கிறார்கள். ஜிப்சம் சட்டென்று இறுகுவதால் கீழே மரச்சாரம் தேவைப்படவில்லை. எவ்வளவு அருமையான வேலை!

ஆனால் ஜிப்சம் தண்ணீரில் மெல்லக் கரையும். ஈரம் பட்டால் அதிலுள்ள சல்பேட் சிமெண்டோடு வினைபுரிந்து எட்ரிங்கைட் என்னும் படிகமாகப் பருக்கும். அது பூச்சைத் தள்ளும்போது பழைய செங்கல்லின் முகமும் சேர்ந்தே பெயர்ந்து வரும்.

குண்டு தள்ளி விழுந்தாலும் அதிர்வில் பழைய விரிசல் விரியும். அதைவிடப் பெரிய கேடு, சண்டை நடக்கும்போது பராமரிப்பு நின்றுபோவது. உச்சியில் செங்கற்களுக்கு இடையே சாந்து போய்த் திறந்த இணைப்பை யாரும் அடைக்காவிட்டால் ஒவ்வொரு மழையும் உள்ளே இறங்கும். அடியில் நிலத்தடி நீர் உப்பை ஏற்றும். 1888 டைக்ரிஸ் ஆற்று வெள்ளத்தில் கட்டடத்தின் பெரும்பகுதி போய்விட்டது. 2019, 2020 ஆண்டுகளிலும் துண்டுகள் விழுந்தன.

ஆகவே முதல் வேலை தண்ணீரைத் தடுப்பது. அடுத்தது விரிசல் நகர்கிறதா என்று பார்ப்பது. தூசி தட்டிய செங்கல்மேல், விரிசலுக்குக் குறுக்கே, 1 செ.மீ. தடிப்பில் ஜிப்சம் பட்டை பூசி, ஈரம் காய்வதற்குள் தேதியைக் கீறிவிடுங்கள். பட்டை வெடித்தால் விரிசல் இன்னும் நகர்கிறது. அடைக்கக் கூடாது, முட்டுக் கொடுக்க வேண்டும். முட்டு தாங்கினால் போதும். ஜாக்கி வைத்து மேலே தூக்கினால் வளைவின் பளு வேறு பக்கம் திரும்பிவிடும்.

நகர்வு நின்ற பிறகு, இணைப்பின் அகலத்தைப்போல் இருமடங்கு ஆழத்துக்குக் கையாலேயே சுரண்டி எடுங்கள். கிரைண்டர் வேண்டாம், செங்கல் விளிம்பைத் தின்றுவிடும். பழைய சாந்தைச் சோதித்து, அதே விகிதத்தில் ஜிப்சமும் சுண்ணாம்பும் மணலும் கலந்து நிரப்ப வேண்டும்.

குண்டுவீச்சிலிருந்து காக்க மணல்மூட்டை அடுக்குவதென்றால் சுவரைத் தொடாமல் காற்றுப்போக இடைவெளி விடுங்கள். ஒட்டி அடுக்கினால் சுவர் ஈரம் காயாது. வெயிலில் சாக்கு கிழிந்ததும் மணல் சரிந்து அடிச்சுவரை மூடிக்கொள்ளும்.